எல்சி-ரே: பேரின் பின்பாதி

முன்கை முழுக்க மகள் பேரைப் பச்சை குத்திக்கொண்டவனுக்கு,

எல்சி நேற்று நாற்காலியைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றாள். நீ கேட்கவில்லை, நானாகச் சொல்கிறேன்.

முன்பாதி நான் வைத்த பேர். சிறுகோடு போட்டு 'ரே'யை ஒட்டியது நீ. "சின்ன வயசுலயே செத்துப்போன எங்க அத்தை பேரு" என்று கண் கலங்கினாய். நானும் உருகிப்போனேன். நம் ரோதர்ஹாம் ஊரில் தெருவுக்கு நாலு பெண் குழந்தைக்கு இப்படிக் கோடு போட்ட பேர்தானே, அழகாகத்தான் இருந்தது.

போன வாரம் உன் அம்மா டோரீன் டீ குடிக்க வந்தாள். அந்த அத்தையைப் பற்றிக் கேட்டேன்.

"எனக்கு ஏதுடி நாத்தனாரு? எங்க வீட்டுக்காரரு ஒத்தப் பிள்ள! ரேன்னா பள்ளிக்கூடத்துல இவன்கூடச் சுத்தினவ. இப்ப அவ வீட்டுலதான கெடக்கான்!"

நீ நண்பன் வீட்டில் தங்கியிருக்கிறாய் என்றுதான் நான் நம்பியிருந்தேன். உன் அம்மா கேக்கை அப்படியே வைத்துவிட்டு எழுந்தாள். "பேர மாத்தணும், கெளம்புடி, நானே வண்டி ஓட்டுறேன்."

பதிவு செய்த ஒரு வருஷத்துக்குள் பேரை மாற்றலாமாம். அப்பா கையெழுத்து வேண்டாமா என்று அலுவலகத்தில் கேட்டேன். "பதிவேட்டுல அப்பாவே இல்லையேம்மா" என்றார்கள். கல்யாணம் ஆகாத அப்பா நேரில் வந்தால்தான் அவர் பேரைப் பதிவார்களாம். ஞாபகம் இருக்கிறதா? பதிவு செய்த அன்று என்னோடு வராமல் பச்சை குத்தப் போயிருந்தாய்.

அவள் இப்போது எல்சி-டோரீன். "என் பேரா? பாவம்டி குழந்த!" என்று உன் அம்மா வீடு வரும்வரை சிரித்தாள்.

இனி யாராவது உன் கையைப் பார்த்து "மக பேரா?" என்று கேட்டால், இல்லை என்று சொல். அந்தப் பேரில் உனக்கு மகள் கிடையாது.

இப்படிக்கு,
அவள் அம்மா