அடுப்படியில் சொன்னது

சென்னை
12.01.2025

அன்புத் தங்கை சத்யபிரியாவுக்கு,

போனை எடுக்க மாட்டேன் என்கிறாய். அதனால் எழுதுகிறேன். நான் எடுத்த ஆவணப்படம் உன் வீட்டைப் பற்றியது அல்ல. ஜவ்வரிசி செய்யும் சேகோ ஆலைகளில் வேலை செய்பவர்களின் வாழ்க்கையைப் பற்றியது. உன் வாசலில் டீ கொடுக்கும் காட்சி சில விநாடிகள்தான். ஆலைக் களத்தில் வேலை செய்யும் ஆட்களுக்குப் பேப்பர் கப், உங்களுக்கு எவர்சில்வர் டம்ளர். நான் எந்த விளக்கமும் சொல்லவில்லை. கேமரா பார்த்ததைக் காட்டினேன். அடுத்த மாதம் சேலத்தில் திரையிடுகிறோம். கோபத்தை விட்டுவிட்டு வா.

அன்புடன்,
அறிவுச்செல்வி

மல்லசமுத்திரம்
20.01.2025

அக்காவுக்கு,

எல்லோரும் சௌக்கியம். ஆலையில் வேலை நடக்கிறது.

தனப்பிரியா கல்லூரியில் உன் படத்தைப் பார்த்துவிட்டுப் போன் செய்தாள். "ஏம்மா, நம்மூட்டுல இப்படித்தானா?" என்றாள். சுத்தத்துக்காகத்தான் பேப்பர் கப் என்று சொல்ல வாயெடுத்தேன். எனக்கே அது பொய்யாகப் பட்டது. பொங்கலுக்கும் பெற்ற பெண் வீட்டுக்கு வரவில்லை, அக்கா.

ஆனால் ஒன்று கேட்கிறேன். உன்னோடு சவுண்டு பிடிக்க வந்த அக்சிலியாவுக்கு ஏன் பேப்பர் கப் போனது? என் மாமியார் எதுவும் கேட்கவில்லை. நீயாக அடுப்படிக்கு வந்து, "அத்தை, அக்சிலியா ஓமலூர் பக்கம் காலனிங்க. பாத்துக்குங்க" என்றாய். "நல்லவேளை சொன்னே சாமி" என்று அவர் கப்பை எடுத்தார். யார் வந்தாலும் கேட்பதற்கு முன்பே அடுப்படியில் சொல்லிவிடுவது நம் அம்மா வீட்டுப் பழக்கம். எத்தனை படித்தும் உனக்கு அது போகவில்லை.

காட்சியை நீக்கச் சொல்லவில்லை. நீ மட்டும் அதில் ஏன் இல்லை?

சத்யா

சென்னை
02.02.2025

அன்புள்ள சத்யா,

அப்படிச் சொல்லியிருக்க மாட்டேன் என்றுதான் முதலில் நினைத்தேன். பிறகு, வேண்டாம் என்று ஒதுக்கிய ஒலிப்பதிவுகளைத் தேடினேன். அன்று பேட்டி எடுப்பதற்காக என் சட்டையில் மைக் இருந்தது. நீ எழுதியது ஒரு சொல் மாறாமல் இருக்கிறது. எனக்குக் குரல்கூட நடுங்கவில்லை. உப்புப் போதுமா என்று கேட்பது போலச் சொல்லியிருக்கிறேன்.

மைக் என்னிடம் இருந்தால் ஹெட்ஃபோன் யார் காதில் இருந்திருக்கும்? அக்சிலியாவிடம் போனேன். "அன்னிக்கே கேட்டுச்சா?" என்றேன்.

"கேட்டுச்சுக்கா. ரெக்கார்டிங் சுத்தமா வந்திருக்கு. டீயும் நல்லாத்தான் இருந்துச்சு" என்றாள். சிரித்தாள். நான் மன்னிப்புக் கேட்கவில்லை. அதற்குப் பதிலாக, அந்தக் குரலைப் படத்தில் சேர்க்கலாமா என்று அனுமதி கேட்டேன்.

"அது உங்க கொரலுக்கா. என்னை எதுக்குக் கேக்கறீங்க? எம் பேரையும் ஊரையும் மட்டும் மியூட் பண்ணிடுங்க."

அடுத்த படத்துக்கு வரமாட்டேன் என்றும் சொன்னாள்.

டீக் காட்சிக்கு முன்னால் அந்தக் குரலைச் சேர்த்துவிட்டேன். பெயரும் ஊரும் வரும் இடத்தில் மௌனம். மீதி எல்லாம் நான்தான்.

தனப்பிரியாவைச் சேலத்துக்கு அனுப்பு. உன்னிடம் கேட்டதை என்னிடமும் கேட்கட்டும்.

அக்கா