கதண்டு கலைந்த பால்குட நாள்

அக்கா, இன்று காலை தெருவில் யாரோ சரவெடி கொளுத்தினார்கள். மருந்து வாடை ஜன்னல் வழியே வந்ததும் என் கண் தானாகப் பனைமர உச்சியைத் தேடியது. இந்த டவுன் தெருவில் பனைமரத்துக்கு எங்கே போவது!

விக்கிரமங்கலம் பக்கம் நம் ஊர் மாரியம்மனுக்கு நாம் பால்குடம் எடுத்த வருஷம் நினைவுக்கு வந்துவிட்டது. அம்மை கண்டு பிழைத்த என் மகளுக்காக எனக்கு வேண்டுதல். கல்யாணமாகிப் பல வருஷமாகியும் பிறக்காத பிள்ளைக்காக உங்களுக்கு. ஓரகத்திகள் இருவரும் மஞ்சள் சேலையில் முன்னும் பின்னுமாக நடந்தோம். "பனையில கதண்டு பெருசா கூடு கட்டியிருக்கு, அந்தப் பக்கம் வெடி வேண்டாங்க" என்று முதல் நாளே சொல்லியிருந்தீர்கள். "சாமி வர்றப்ப கதண்டு என்ன பண்ணும்?" என்று சிரித்த நம் வீட்டு ஆண்கள், சரியாக அந்தப் பனையடியில்தான் சரத்தைக் கொளுத்தினார்கள். அவர்கள் பக்திக்கு ஒரு கும்பிடு.

கதண்டுக் குளவிக் கூட்டம் மொத்தமாகக் கிளம்பிவிட்டது. கையை வீசி அடித்தவர்களை விரட்டி விரட்டிக் கொட்டியது. எல்லோரும் ஓட, நான் நின்றுவிட்டேன். கோயிலில் இறக்க வேண்டிய குடத்தை வழியில் இறக்கினால் சாமி குத்தமாயிற்றே. மகள் என் காலைக் கட்டிக்கொண்டு அலறினாள். குடத்தை விடவும் மனம் வரவில்லை, அவளைத் தூக்கவும் கையில்லை.

நீங்கள்தான் முதலில் உங்கள் குடத்தைக் கீழே போட்டீர்கள். என் பிள்ளையை வாரி முந்தானைக்குள் மூடிக்கொண்டு, "கொடத்தப் போட்டுட்டு வாடி! கைய வீசாத, மூஞ்ச மூடிக்க!" என்று கத்தினீர்கள். நானும் குடத்தைப் போட்டுவிட்டு உங்கள் பின்னால் ஓடி வந்தேன். வயல் மோட்டார் கொட்டகைக்குள் புகுந்து கதவைச் சாத்திய பிறகு பார்த்தால், உங்கள் முதுகெல்லாம் தடித்திருந்தது. பிள்ளை மேல் ஒரு கொட்டுகூட இல்லை. கதண்டு அடங்கியதும் யாரோ சுண்ணாம்பு கொண்டுவந்தார்கள். "அதெல்லாம் அப்புறம். மூச்சு முட்டுது, ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போங்க" என்றீர்கள். அந்தப் புத்திதான் உங்களைப் பிழைக்க வைத்தது.

அதற்குப் பிறகும் உங்களுக்குப் பிள்ளை இல்லை. குடத்தைப் போட்ட குத்தம் என்று ஊர் பேசியபோது நான் அழுதேன். "அட போடி, புள்ளைதான கேட்டேன்? சாமி அன்னைக்கே மடியில போட்டுருச்சு" என்று என்னைத் தேற்றியது நீங்கள்.

போன மாசம் உங்களுக்குக் கொள்ளி வைக்க ஆள் யார் என்று பங்காளிகள் கூடிப் பேசினார்கள். என் மகள் எழுந்து நின்றாள். "எங்கம்மாவுக்கு நான்தாங்க வைப்பேன்" என்றாள். பெற்றவள் நான் பக்கத்தில்தான் நின்றேன், அக்கா. எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது.