சிரிக்காமல் விட்ட சாவு

ஆவணி 31, புதன். வெள்ளிமலை

காலையில் தூறல், பிறகு வெளுத்தது. இன்று என் சாவு. பேய்ப்படம், ஊர்த்தலைவர் வேஷம். பேய் கழுத்தை நெரித்துவிடும், பாடையில் கிடக்க வேண்டும். கறுப்பு வெள்ளைக் காலத்தில் கோட்டை மதிலிலிருந்து விழுந்தவன், மந்திரவாதியின் அடியாளாகத் தீயில் வெந்தவன். அதற்கு இது சொகுசு. இந்த வயதில் கூப்பிட்டார்களே, அதுவே பெரிசு.

ஒரே டேக். மூக்கில் ஈ, அசையவில்லை. டைரக்டர் கை தட்டினார்.

அடுத்து சிரிக்கும் ஷாட். பிணமாக நடித்தவன் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அப்போதுதான் தோஷம் கழியும். எந்தக் கம்பெனியும் இதை விட்டதில்லை. அதற்குள் மேனேஜர் ஓடி வந்தார்.

"இடஒதுக்கீடு கேட்டு நாளைலேர்ந்து ரோடு மறியலாம் சார். இப்பவே கேமராவ எறக்கலன்னா மாட்டிக்குவோம்."

கேமரா வேனில் ஏறிப் போய்விட்டது. நான் மாலையோடு பாடையில். வேனில் இடமில்லை, நாளைக்கு வண்டி அனுப்புகிறார்களாம்.

வீட்டுக்காரி சரோஜாவிடம் என்ன சொல்ல?

புரட்டாசி 1, வியாழன்

மழை. வண்டி வரவில்லை. கீழே ரோடெல்லாம் மரம் வெட்டிப் போட்டிருக்கிறார்களாம். தங்கிய வீட்டம்மா சாமைச் சோறு போட்டார். "சினிமாவுல அடி வாங்கிக்கினே கீறீங்க, நல்லா சாப்புடுங்க." இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டேன். மகராசி.

தபால் ஆபீஸ் போனில் மச்சான் கிடைத்தான். சரோஜாவைக் கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரியில் சேர்த்தாயிற்று. கர்ப்பப்பையில் கட்டி, சனிக்கிழமை ஆபரேஷன். பக்கத்தில் இருக்கலாம் என்றுதான் இந்த மலைப் படத்தையே ஒத்துக்கொண்டேன்.

மச்சான் ஆஸ்பத்திரிப் போனை அவளிடம் கொடுத்தான். எந்தச் சாவுக்குப் பிறகும் கேட்கிற அதே கேள்வி.

"சிரிச்சீங்களா?"

ஊரையே பயமுறுத்திய முகம். இவளிடம் ஒரு பொய் நிற்காது. "இல்லை" என்றேன். போனைத் தம்பியிடமே திருப்பிக் கொடுத்துவிட்டாள். பிறகு மச்சான் குரல்.

"இன்னா மாமா இப்பிடி சொல்லிட்டீங்க? நீங்க சிரிச்சிட்டு வந்தாத்தான் ஆபரேஷனுக்குக் கையெழுத்து போடுவேன்னு அக்கா படுத்துக்கினு கீது. தள்ளிப் போட்டா ஆபத்துன்றாரு டாக்டரு."

ராத்திரிச் சாப்பாடு இறங்கவில்லை.

புரட்டாசி 2, வெள்ளி

விடிந்ததும் கிளம்பினேன். அடிவாரம் வரை மரவள்ளி ஏற்றிய டிராக்டர். அப்புறம் நடை. முழங்காலில் பழைய வாள்சண்டை வலி.

வடக்கனந்தல் தாண்டி ரோட்டுக்குக் குறுக்கே புளியமரம். அதன்மேல் பையன்கள்.

"பெருசு, எங்க போற?"

"டேய், டூரிங் கொட்டாயில தீயில எரிவாரே, அவருடா!"

அவ்வளவுதான். டீ வந்தது, பன் வந்தது. கட்டம்போட்ட சட்டைக்காரன்தான் அவர்களுக்குத் தலைவன் போல. ஓரமாக ஒரு பாடையைக் காட்டினான்.

"சர்க்காருக்கு சாவு ஊர்வலம் வுடப் போறோம்ணே. வைக்கோல் பொம்ம மழையில ஊறிப் பூட்ச்சு. எங்கள்ல எவனும் படுக்க மாட்றான், வூட்ல ஒதைப்பாங்க. நீங்கதான் செத்துச் செத்துப் பழக்கப்பட்டவரு."

முதல் சாவுக்கே இன்னும் சிரிக்கவில்லை, அதற்குள் இன்னொன்றா? அப்போதுதான் கழுத்தில் கேமராவோடு நின்ற ஸ்டுடியோக்காரரைப் பார்த்தேன். சரோஜா கதையைச் சொன்னேன். "படுக்கிறேன். எழுந்து சிரிக்கும்போது ஒரு போட்டோ எடுக்கணும்."

"பிலிம்ல ஒண்ணுதான் சார் பாக்கி. அதுவும் ஊர்வலத்துக்கு வெச்சிக்கினு கீறேன்."

எல்லோரும் கட்டம்போட்ட சட்டைக்காரனைப் பார்த்தார்கள். அவன் பாடையில் ஒட்டியிருந்த ஈர வைக்கோலைத் தட்டிவிட்டான். பிறகு சொன்னான்: "அண்ணன் சிரிக்கிறதயே எடுய்யா. ஊர்வலம் நாளைக்கும்தான் கீது."

படுத்தேன். ஒப்பாரி பிரமாதம், சினிமாவில் இந்த அளவுக்கு யாரும் அழுததில்லை. எழுந்தேன். இரண்டு சாவுக்கும் சேர்த்துச் சிரித்தேன். கிளிக்.

கட்டம்போட்ட சட்டைக்காரனே என்னைச் சைக்கிளில் வைத்து மிதித்தான். வழியில் ஒவ்வொரு மரத்துக்கும் இறங்கி, சைக்கிளைத் தூக்கித் தாண்டி, மறுபடி ஏறி. பேர் கேட்க மறந்துவிட்டேன். அவன் நன்றாக இருக்க வேண்டும்.

ஆஸ்பத்திரி. சரோஜா இளைத்திருந்தாள்.

"சிரிச்சீங்களா?"

"சிரிச்சேன்."

என் முகத்தையே பார்த்தாள். "பேனா குடுங்க" என்றாள்.

புரட்டாசி 3, சனி

முடிந்தது. கட்டி எடுத்தாயிற்று. "பொழைச்சாங்க" என்றார் டாக்டர். வராந்தாவில் உட்கார்ந்து அழுதேன், கிளிசரின் இல்லாமல். மச்சான் டீ வாங்கி வந்தான். சர்க்கரை ஜாஸ்தி.

புரட்டாசி 6, செவ்வாய்

வெயில். கஞ்சி குடித்தாள். வாங்க வேண்டியவை: பிளாஸ்க், ரொட்டி, அவளுக்குச் சீப்பு.

ஸ்டுடியோக்காரர் தேடி வந்து போட்டோ கொடுத்தார். பாடையில் நான் மாலையோடு, பல்லெல்லாம் தெரிய. சுற்றிலும் ஒப்பாரி வைத்தவர்களும் சிரிக்கிறார்கள். தாலி கட்டியவன் சாவதைப் பார்க்க மாட்டேன் என்று சரோஜா என் படம் எதற்குமே வந்ததில்லை. இதை வாங்கி ரொம்ப நேரம் பார்த்தாள்.

"இவ்ளோ அழகா சிரிக்கிறீங்க. அத்தினி படத்துலயும் சிரிச்சதெல்லாம் எங்கங்க?"

"வெட்டிப் போட்டுருவாங்க. படத்துல வராது."

"பாவிங்க. சாவுறத மட்டும் ஊருக்குக் காட்டிக்கினு இருந்தானுங்களா?"

போட்டோவைக் கண்ணருகே கொண்டுபோனாள். "பொணத்துக்குப் பல்லு பூரா வெத்தலக் கறை" என்று சொல்லி, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தாள். நிறுத்த முடியவில்லை. எனக்கும்தான்.

நர்ஸ் ஓடி வந்தார். "ஏம்மா, தையல் பிரிஞ்சிடும், சிரிக்காத!"