ரோமில் நம் விருப்பத்துக்கு விட்ட நாள்

நான் எவ்வளவோ சொல்லியும் நீ கேட்கவில்லை என்று இங்கே எல்லாரும் பேசிக்கொள்கிறார்கள். சர்ச்சில் பூசை முடிந்து காபி குடிக்கும் கூடத்தில் சொல்கிறார்கள். என் மகனிடமும் சொல்லியிருக்கிறார்கள். "ஆன்ட்டி ஆனமட்டும் தடுத்தாங்களாம், அந்த அம்மாதான் பிடிவாதமா இறங்கினாங்களாம்" என்று. அது பிழை. நான் சொன்னேன், நீ கேட்டாய். கேட்டதால்தான் இந்த மடலை உன் கையில் கொடுக்க முடியாத நிலையில் எழுதுகிறேன்.

போன சனிக்கிழமை உன் மகள் பிரமிளா ஓர் அட்டைப் பெட்டியோடு வந்தாள். கராஜைச் சுத்தம் செய்கிறாளாம். பெட்டியைத் திறந்தால் அந்த வெள்ளை ஷூ. புது ரப்பர் வாசம் இன்னும் போகவில்லை.

"உங்க சைஸ்தான் ஆன்ட்டி. வாக்கிங்குக்குப் போட்டுக்குங்க. அம்மா ஒரு தடவகூடப் போடல. ரிட்டர்ன் பண்ணலாம்னா ரெசீட் எங்க போச்சுன்னே தெரியல."

"எனக்கு வேண்டாம்மா."

"யாராவது போடட்டும் ஆன்ட்டி. நான் வாங்கிக் குடுத்தது எதுதான் அவங்களுக்குப் பிடிச்சுது?"

சிரித்துக்கொண்டே சொன்னாள். காரில் குழந்தை அழுததால் நிற்கவில்லை. நான் கதவைச் சாத்திவிட்டுச் சோபாவில் உட்கார்ந்தேன். எனக்கு வயது எழுபத்தொன்று. என் கணவர் அடக்கம் முடிந்த அன்றுகூட நேரத்துக்குச் சாப்பிட்டவள் நான். சனிக்கிழமை மதியம் சாப்பிடவில்லை.

நாம் பழகியது கலிபோர்னியாவின் இந்த சான் ரமோன் நடைபாதையில், ஆளுக்கொரு பேரப்பிள்ளையை ஸ்ட்ரோலரில் தள்ளிக்கொண்டு. மூன்று தடவை வந்தாய், ஒவ்வொரு தடவையும் ஆறு மாதம். என்னைவிட நான்கு வயது இளையவள் என்பதால் அக்கா என்றாய். நான் கான்வென்ட்டில் படித்தவள் என்பதை முதல் நாளே உனக்குத் தெரியப்படுத்தியிருப்பேன். எல்லாரிடமும் அப்படித்தான். தூத்துக்குடியில் எட்டாவது வரை தமிழில் படித்த நீ அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டாய். இங்கிலீஷ், திருச்சபை, வெளிநாடு ஆகிய மூன்றிலும் நான் சொன்னதே உனக்கு முடிவு. அது எனக்குப் பிடித்திருந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன்.

திருச்சபையின் யூபிலி புனித ஆண்டில் இங்குள்ள பங்குக் கோயிலிலிருந்து ரோமுக்குக் குழுவாக யாத்திரை போனார்கள். நானும் பெயர் கொடுத்தேன், உன் பெயரையும் கொடுக்கவைத்தேன். ரோமிலிருந்து நீ நேரே ஊருக்குப் போய்விடுவாய் என்று ஏற்பாடு. ஏழு நாளில் ஒரு நாள் மட்டும் குழுவுக்கு வேலை இல்லை. அன்றைக்கு யார் எங்கே போக வேண்டும் என்பதை அவரவரே தேர்ந்தெடுத்து, முன்கூட்டியே படிவத்தில் குறிக்க வேண்டும். என் மகன் ஆபீஸிலிருந்து அந்தச் சுற்றுலாக்களின் விவரத்தையெல்லாம் பிரிண்ட் எடுத்து வந்தான். சாப்பாட்டு மேஜையில் பரப்பி வைத்துக்கொண்டு, கையில் சிவப்புப் பென்சிலோடு, பரீட்சைத்தாள் திருத்துகிறவளைப் போல உட்கார்ந்தேன்.

பஸ்ஸில் உட்கார்ந்தபடி ஊரைச் சுற்றுவது ஒன்று. அதைச் சோம்பேறிகளுக்கு என்று தள்ளினேன். நீரூற்றுகளையும் சதுக்கங்களையும் நடந்து பார்ப்பது ஒன்று. அதில் கடைத்தெருதான் அதிகம் என்று அதையும் தள்ளினேன். ஒரு பழைய கோயிலின் அடியில் தோண்டியெடுத்த அறைகளும், விசுவாசத்துக்காக உயிர்விட்ட வேதசாட்சிகளின் கல்லறைகளும் ஒன்று. 'படிகள் அதிகம், தகுந்த காலணி அவசியம்' என்று அடியில் போட்டிருந்தது. அதைப் படித்தேன். படிக்காமல் எதையும் விடுகிற பழக்கம் எனக்கு இல்லை.

நீ கடைசித் தாளைக் கையில் எடுத்தாய்.

"இதென்னக்கா, இந்தப் பொம்பள மாவு பிசையுத படம்?"

"சமையல் கிளாஸ். அந்த ஊர்க்காரி ஒருத்தி வீட்டுக்குப் போய்க் கத்துக்கணுமாம்."

"அதுக்குப் போவமா?"

"மாவு பிசையவா ரோமுக்குப் போறோம்? அதத்தான் உன் மக வீட்ல தினம் பிசையுறியே."

"அது சப்பாத்தி மாவுல்லா. இவுக முட்டையப் போட்டுல்லா பிசைவாகளாம். ஒரு ஊருப் பொம்பள மாவு பிசையுததப் பாத்தா அந்த ஊரு தெரிஞ்சிரும்க்கா."

"ஊர் தெரியணும்னா கல்லறையப் பாரு."

"செத்தவுகள நம்ம ஊர்லயே நெறையப் பாத்தாச்சு" என்று சிரித்தாய்.

உன் படிவத்தையும் நான்தான் பூர்த்தி செய்தேன். நான் கண்ணாடி எடுக்க உள்ளே போன நேரத்தில் மாவு பிசையும் படத்துக்கு எதிரே நீ மெலிதாக ஒரு குறி போட்டிருந்தாய். அதை ரப்பரால் அழித்துவிட்டு, கல்லறைக்கு எதிரே அழுத்தமாகக் குறித்தேன். நீ பார்த்துக்கொண்டுதான் இருந்தாய். உன் ஆன்மாவின் நன்மைக்கு என்று அப்போது சொன்னேன். உண்மை வேறு. பள்ளிக்கூடத்தில் மதர் வேதசாட்சிகளைப் பற்றிச் சொன்ன நாளிலிருந்து அந்த இடத்தைப் பார்க்க ஆசைப்பட்டிருந்தேன். தனியாகப் பார்க்க மனமில்லை. விளக்கிச் சொல்ல எனக்குப் பக்கத்தில் ஓர் ஆள் வேண்டியிருந்தது.

அந்த நாள் காலையில் ஹோட்டல் அறையில் நீ பட்டுப் புடவை கட்டி, அடியில் அந்த ஷூவோடு நின்றாய்.

"என்ன இது?"

"பிரமிளா வாங்கித் தந்ததுக்கா. மெத்து மெத்துன்னு இருக்கு."

"வேதசாட்சிகள் கல்லறைக்கு முன்னால பட்டுப் புடவையும் பந்து விளையாடுற ஷூவுமா? பாக்குறவங்க சிரிப்பாங்க. கழட்டு."

"அவ ஏசுவாக்கா. நூறு தடவ சொல்லி அனுப்பிருக்கா."

"அவகிட்ட நான் சொல்லிக்கிறேன்."

"அப்பொ சரி" என்றாய். கட்டிலில் உட்கார்ந்து பட்டைகளைப் பிரித்தாய். குனிந்து கயிறு கட்ட உனக்கு முடியாது என்பதால் ஒட்டும் பட்டை வைத்ததாகத் தேடி வாங்கியிருந்தாள் உன் மகள். நீ தோல் செருப்பை மாட்டிக்கொண்டாய். அதன் அடி வழுவழுப்பானது.

கோயிலின் பக்கவாட்டில் படிகள் தொடங்கின. குடையை உயர்த்திப் பிடித்து நம்மை அழைத்து வந்த வழிகாட்டிப் பெண் நின்று, எல்லார் கால்களையும் ஒருமுறை பார்த்தாள். கீழே ஈரமாக இருக்கிறது, கயிற்றைப் பிடித்துக்கொண்டு மெதுவாக வாருங்கள், சிரமம் என்று நினைப்பவர்கள் மேலே முற்றத்தில் உட்கார்ந்திருக்கலாம், அரை மணி நேரத்தில் வந்து அழைத்துக்கொள்கிறேன் என்றாள். சொல்லும்போது உன்னைத்தான் பார்த்தாள்.

"என்ன சொல்லுதாக்கா?"

"கவனமா வரச் சொல்றா" என்றேன்.

முற்றத்தைப் பற்றி அவள் சொன்னதை நான் உனக்குச் சொல்லவில்லை.

நடுவில் தேய்ந்து குழிந்த படிகள். எனக்குப் பின்னால் நீ ஒரு கையில் கைப்பையும் மறு கையில் கொசுவமுமாக இறங்கினாய். கயிற்றைப் பிடிக்க உனக்கு மூன்றாவது கை இல்லை. நான் திரும்பிப் பார்க்கவில்லை. வழிகாட்டி சொல்வதைத் தவறவிடக் கூடாது என்று முன்னால் போய்க்கொண்டிருந்தேன். சத்தம் கேட்டுத்தான் திரும்பினேன். நீ கத்தவில்லை. "மாதாவே" என்று மெல்லச் சொன்னாய். அந்தக் கல்லறைகளை நான் பார்க்கவில்லை. இனி பார்க்கவும் மாட்டேன்.

இடுப்பெலும்பு முறிந்திருந்தது. மறுநாள் ஆபரேஷன் செய்தார்கள். குழு கலிபோர்னியாவுக்குத் திரும்பியது, நான் திரும்பவில்லை. அருகிலிருந்த கன்னியர் மடத்தில் ஓர் அறை கொடுத்தார்கள். இதைத்தான் இங்கே கூடப்பிறந்தவளைப் போலக் கவனித்துக்கொண்டாள் என்று புகழ்கிறார்கள். பிரமிளாவால் வர முடியவில்லை. கிரீன் கார்டு விண்ணப்பம் பாதியில் இருந்தது. அனுமதிக் கடிதம் இல்லாமல் கிளம்பினால் திரும்ப உள்ளே விடமாட்டார்கள். வக்கீல் ஆபீஸுக்கும் எனக்குமாக மாறி மாறிப் போன் செய்துகொண்டிருந்தாள்.

மூன்றாம் நாள் நீ கண் விழித்து என்னைக் கிட்டே வரச் சொன்னாய்.

"அக்கா, பிரமிளா கேட்டா நானே கழட்டிட்டேன்னு சொல்லிருங்க."

"ஏன் பொய் சொல்லணும்?"

"உங்க மேல கோவப்படுவா. உங்க மவன் கோயிலுக்கு வாரதில்ல. ஞாயித்துக்கிழம உங்களப் பூசைக்குக் கூட்டிட்டுப் போவ அவள விட்டா யாரு இருக்கா? நான்தான் இனி இருக்கமாட்டனே."

ஊருக்குப் போய்விடுவதைத்தான் சொல்கிறாய் என்று நினைத்துக்கொண்டேன்.

அன்று மாலையே அவள் போன் வந்தது. "ஆன்ட்டி, அம்மா அந்த ஷூ போட்டிருந்தாங்களா?"

"போடலம்மா."

"எனக்குத் தெரியும். நீங்க சொல்லிருப்பீங்க. நீங்க சொல்லிக்கூடவா கேக்கல?" என்றாள்.

"ரத்த அழுத்தம் சரியா இருக்குன்னு டாக்டர் சொன்னாரும்மா" என்றேன்.

நான் சொன்ன இரண்டும் உண்மை. நீ சொல்லச் சொன்ன பொய்யை வாயால் சொல்லவில்லை என்று அன்று எனக்குள் ஒரு திருப்திகூட இருந்தது. அந்தப் பொய்யின் பலனை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியில் ஒரு கடையின் கண்ணாடிக்குப் பின்னால் ஒருத்தி மேஜையில் மாவு பிசைவாள். ஒரு நாள் நின்று பார்த்துவிட்டு வந்து உன்னிடம் சொன்னேன். உனக்கு அப்போதே காய்ச்சல்.

"எத்தன முட்டக்கா? நடுவுல குழி பறிச்சு உடைச்சாளா, தனியா அடிச்சு ஊத்துனாளா?"

நான் கவனிக்கவில்லை என்றேன். "இதக்கூடப் பாக்கலியா, என்ன கான்வென்ட்டுல படிச்சியளோ" என்றாய். அதுவரை நீ என்னைக் கேலி செய்ததே இல்லை. மறுநாள் அதற்காகவே போய் நின்றேன். மூன்று முட்டை. மாவைக் கிணறு போலக் குழித்து, நடுவில்தான் உடைத்தாள். முள்கரண்டியால் உள்ளிருந்து வெளியே கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்தாள். உன் அறைக்கு வந்தபோது மூக்கில் குழாய் வைத்திருந்தார்கள். நான் சொன்னது உனக்குக் கேட்கவில்லை.

நெஞ்சில் சளி கட்டிவிட்டது என்றார்கள். பத்தாம் நாள் ஒரு சாமியார் வந்து, சாகும் தறுவாயில் பூசும் எண்ணெயால் அவஸ்தை பூசினார். அவர் இத்தாலியனில் செபித்தார், நான் லத்தீனில் பதில் சொன்னேன். நீ மூச்சுக்குத் திணறிக்கொண்டிருந்த அந்த நேரத்திலும் என் உச்சரிப்பின் மேல் எனக்குக் கவனம் இருந்தது. உன் கையைப் பிடித்திருக்கலாம். கையில் ஜெபப் புத்தகம் வைத்திருந்தேன்.

உன் சவப்பெட்டி தூத்துக்குடிக்குப் போனது. அனுமதிக் கடிதம் அடக்கம் முடிந்த பிறகுதான் பிரமிளாவுக்குக் கிடைத்தது. உன் சூட்கேஸை நான் இங்கே கொண்டுவந்தேன். அவள் திறந்தபோது எல்லாவற்றுக்கும் மேலே அந்த வெள்ளை ஷூ, அடியில் ஒரு தூசிகூட இல்லாமல். அவள் அழவில்லை. மூடிவிட்டாள். சொல்ல வேண்டிய நேரம் அது. "தண்ணி குடிம்மா" என்றேன்.

இங்கே பாவசங்கீர்த்தனத்தில் சொல்லிப் பார்த்தேன். இங்கிலீஷில் சொல்லும்போது எல்லாம் சிறிதாகிவிடுகிறது. என் தோழி என் யோசனையைக் கேட்டு விழுந்துவிட்டாள் என்றேன். அது விபத்து, உங்களை வருத்திக்கொள்ளாதீர்கள் என்று பாதிரியார் சமாதானம் சொன்னார். போனில் நான் சொன்ன ஒற்றைச் சொல்லை அவரிடம் சொல்லவில்லை. சொல்லாததற்கு மன்னிப்பு எப்படிக் கிடைக்கும்? "போடலம்மா" என்ற அந்தச் சொல்லோடுதான் எழுந்திருக்கிறேன், அதோடுதான் நற்கருணை வாங்கப் போகிறேன்.

உன் மகளுக்கு உன் மேல் கோபம். "கடைசியிலகூட என் பேச்சக் கேக்கல ஆன்ட்டி" என்கிறாள். உன் போட்டோவை இன்னும் மாட்டவில்லை. நீ என்னைக் காப்பாற்ற நினைத்தாய். அதற்கு அவளிடமிருந்து தாயை எடுத்துக்கொள்ள வேண்டியிருக்கும் என்று உனக்குத் தோன்றவில்லை. எனக்குத் தோன்றியிருக்க வேண்டும். ஆகையால் இந்த ஒன்றில் நீ சொன்னதை நான் மீறுகிறேன். இந்த மடலை அவளுக்குத் தபாலில் அனுப்புகிறேன்.

பிரமிளா, இனி வருவது உனக்கு. உன் அம்மா அந்த ஷூவைப் போட்டார். வாங்கி வந்த அன்றிலிருந்து மூன்று நாள் உன் வீட்டுக் கார்ப்பெட்டில் நடந்து பழகினார், நீ ஆபீஸ் போயிருந்த நேரத்தில். எனக்குக் காட்ட என் வீட்டுக்குக் கையில் எடுத்து வந்து, உள்ளே வந்துதான் மாட்டினார், தெரு அழுக்குப் படக் கூடாது என்று. "எம் மவ தேடிப் புடிச்சு வாங்கிருக்கா" என்றார். ரோமில் அன்று காலையிலும் போட்டுக்கொண்டுதான் நின்றார். கழற்றச் சொன்னவள் நான். மேலேயே இருந்துகொள்ளலாம் என்பதைச் சொல்லாமல் விட்டவளும் நான்.

மன்னிப்புக் கேட்டு உன்னை நெருக்க மாட்டேன். எனக்குத் தெரிய வேண்டியது ஒன்றுதான். ஞாயிற்றுக்கிழமைகளில் நீ என்னை அழைத்துப்போக வருவாயா, மாட்டாயா? மாட்டாய் என்றால் வேறு யாரையும் கேட்க மாட்டேன், வீட்டிலிருந்து செபித்துக்கொள்வேன். போன் செய்யாதே. போனில் உன்னிடம் பேச இனி எனக்குத் தகுதி இல்லை. ஒரு வரியானாலும் எழுத்தில் பதில் அனுப்பு.