அப்பா படத்தின் இரண்டு பக்கமும் விளக்கு

வியாழக்கிழமை, இரவு.

அனல்மின் நிலையத்தில் சாம்பல் அள்ளும் வேலைக்குப் போன அப்பா திரும்பி வராமல் இது இரண்டாவது வாரம். ஒப்பந்தக்காரரைக் கேட்டால், அப்படி ஓர் ஆளே தன்னிடம் வேலை செய்யவில்லை என்கிறார். குடித்துவிட்டு எங்காவது கிடப்பார் என்கிறது போலீஸ். அப்பா குடிப்பதே இல்லை.

இன்று அப்பாவின் கூட்டாளி செல்வம் மாமா தெருமுனையில் கட்டுவதற்கு பேனர் அடித்துக்கொண்டு வந்தார். 'காணவில்லை' என்று சரியாகத்தான் போட்டிருந்தது. ஆனால் அப்பா படத்தின் இரண்டு பக்கமும் குத்துவிளக்கு, மேலே வெள்ளைப் புறா. எங்கள் தெருவில் சாவுக்கு அடிக்கும் அதே பேனர்.

அம்மா பேனரை வாங்கித் தரையில் விரித்தாள்.

"இன்னா செல்வம், உன் தோஸ்த எரிச்சிட்டே வந்துட்டியா?"

"கடைக்காரன் பழைய மாடல்லயே போட்டுட்டான் அண்ணி. வேற அடிச்சினு வரேன்."

"எதுக்கு?" என்றவள் என் பக்கம் திரும்பினாள். "கத்திரிக்கோல எடுத்துனு வா."

விளக்கையும் புறாவையும் வெட்டி எறிந்தாள். அப்பா முகமும் 'காணவில்லை'யும் மட்டும் மிஞ்சின.

"தெருமுனையில வேணாம். காண்ட்ராக்டர் ஆபீஸ் கேட்டுல கட்டு. அப்டி ஒரு ஆளே இல்லன்றான் இல்ல, டெய்லி பாக்கட்டும்."

கட்டினோம். அவிழ்க்க வந்த வாட்ச்மேன், கீழே அம்மா உட்கார்ந்திருந்ததைப் பார்த்துத் திரும்பிப் போய்விட்டார்.

நாளைக் காலை ஷிப்டுக்கு ஆட்கள் வரும்போது நானும் அங்கே உட்காருவேன். அப்பாவோடு வேலை பார்த்தவர்கள் அந்த கேட் வழியாகத்தான் உள்ளே போயாக வேண்டும். ஒருவராவது வாய் திறப்பார்.