செத்தவனுக்கும் ராகுகாலம்

24-8-98, திங்கள்

காலையில் ஆசிரியர் கலீமுல்லா போன். பத்திரிகையின் தீபாவளி மலருக்கு என் நகைச்சுவைக் கட்டுரை செப்டம்பர் இருபத்தாறுக்குள் வேண்டுமாம். "சார், போன வருஷம் அந்தக் கோட்டு மாதிரி ஒண்ணு குடுங்க. ஆபீஸே விழுந்து விழுந்து சிரிச்சுது."

என் பிள்ளை பிரணவ் கல்யாணத்துக்குத் தைத்த கோட்டு. பெண் மாளவிகா வீட்டில் கல்யாணத்துக்கு மூன்று வாரம் முன்னால் "வேண்டாம்" என்று சொல்லிவிட்டார்கள். மாப்பிள்ளை அமெரிக்காவுக்குத் திரும்பிவிட்டான், கோட்டு பீரோவில் தங்கிவிட்டது. கோட்டே தன் கதையைச் சொல்வதுபோல் எழுதினேன். மயிலாப்பூரே சிரித்தது. எந்தப் புண்ணியவானோ கத்தரித்து நியூ ஜெர்சிக்கு அனுப்பினான். பிரணவ் கூப்பிட்டான். "உங்களுக்கு நான் ஒரு மேட்டராப்பா?" வைத்துவிட்டான்.

பத்து மாதமாயிற்று. அவன் அம்மா அபயத்துக்கு மட்டும் மாதம் ஒரு அட்டை வரும். "சௌக்கியம்." ஒரே சொல். அதை அவள் பத்து நிமிஷம் படிப்பாள்.

29-8-98

பனகல் பார்க் எதிரில் சேரன். பிரணவோடு இன்ஜினீயரிங் படித்தவன், நொச்சிக்குப்பத்துப் பிள்ளை, இப்போது தி.நகரில் சொந்தக் கம்ப்யூட்டர் கடை. நான் கேட்காமலே சொன்னான்.

"இன்னா அங்கிள், பிரணவா? டெய்லி அங்க நைட்டு ஒம்போது மணிக்கு கேம்ல கீறான். போன் லைன்லயே எங்கந்து வேணா உள்ள பூரலாம். அதுல அவன் வைத்தியன். பேரு இன்னா தெரிமா? ரசம்!"

ரசம் என்பதை வெள்ளைக்காரர்கள் லத்தீன் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்களாம். சிரித்துவிட்டேன். உடனே பயம். சிரித்தவன் அப்பனா, கட்டுரைக்காரனா?

30-8-98, ஞாயிறு

சேரன் வந்து பிரணவின் பழைய கம்ப்யூட்டருக்கு மோடம் மாட்டினான். ஆட்டத்தில் படமே கிடையாது, வெறும் எழுத்து. "நீ பாலத்தில் நிற்கிறாய். வடக்கே இருட்டு." நாம் பதில் அடிக்க வேண்டும். அமெரிக்காவில் ராத்திரி ஒன்பது என்றால் இங்கே காலை ஆறரை. காப்பி நேரம். நல்லது.

முதலில் நாம் யார் என்று தேர்ந்தெடுக்க வேண்டுமாம். வில்லாளி, மந்திரவாதி, திருடன் என்று ஒரு பட்டியல். சேரன் எனக்குப் பொருத்தமாக ஒன்று வைத்திருந்தான்: செத்து எழுந்த கறுப்பு வீரன்.

"சாப்பாடு வாணாம், தூக்கம் வாணாம், உங்க வயசுக்கு ஈஸி அங்கிள். இன்னா, ஊருக்குள்ள உடமாட்டானுங்க, காவக்காரன் அம்பு உட்ருவான். வைத்தியன் மந்திரம் போட்டா மத்தவனுக்குக் காயம் ஆறும், உங்களுக்கு எரியும். மூணு தபா செத்தா மண்ணு. ஆளே காலி."

டார்கன் என்று பெயர் வைத்தேன். குருபிரசாத் என்றால் பூதம்கூட மதிக்காது.

அபயம் கதவருகில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். "நன்னா இருக்கற மனுஷன் போயும் போயும் பொணமாவா வேஷம் கட்டணும்?"

"கட்டுரைக்காக" என்றேன். பிரணவ் அங்கே இருக்கிறான் என்று சொல்லவில்லை. சொன்னால் அவளும் காத்திருக்க ஆரம்பிப்பாள். ஒரு வீட்டுக்கு ஒருத்தர் போதும்.

3-9-98

செத்தேன். ஓநாய். ஏற்கெனவே செத்தவனை ஓநாய் எதற்குக் கடிக்கிறது என்று கேட்க ஆளில்லை. ஒன்று போயிற்று, மிச்சம் இரண்டு.

7-9-98, திங்கள்

பார்த்துவிட்டேன். "ரசம் தெற்கிலிருந்து வருகிறான்" என்று திரையில் ஒரு வரி. என் பெயரையே தப்பாக அடித்தேன். என் தோளில் வெட்டு இருப்பதைப் பார்த்துப் பழக்கத்தில் மந்திரம் போட்டான், பற்றி எரிந்தது. மூன்று தரம் "ஸாரி" அடித்தான்.

பத்து மாதத்துக்குப் பிறகு என் பிள்ளை என்னிடம் பேசிய வார்த்தை. மன்னிப்புக் கேட்க வேண்டியவன் யாரோ, கேட்டவன் யாரோ.

10-9-98

தினமும் ஆறரைக்குச் சேர்ந்து போகிறோம். நான் முன்னால், அவன் பின்னால். எதிர்வீட்டு சரோஜாதேவி அபயத்திடம் விசாரித்தாளாம்: "சார் விடியறதுக்குள்ள டைப் அடிக்கறாரே, ஆபீஸ்ல ஏதாவது பிரச்சினையா?" நாளைக்குள் எனக்கு வேலை போய்விட்டதாக லஸ் வரை தெரிந்துவிடும்.

அபயத்துக்கு வேறு கவலை. "எந்நேரமும் லைனை அடைச்சுண்டு உட்கார்ந்தா, கொழந்தை என்னிக்காவது கூப்பிட்டா எப்படிக் கெடைக்கும்?" லைனை அடைத்துக்கொண்டிருப்பதே அந்தக் குழந்தைதான் என்று எப்படிச் சொல்ல?

14-9-98, திங்கள்

இன்று பாழடைந்த கோட்டை வாசலுக்கு வந்தோம். உள்ளே போனால் பெரிய சண்டை. கடிகாரத்தைப் பார்த்தேன். ஏழு முப்பத்திரண்டு. ராகுகாலம் ஆரம்பித்துவிட்டது.

எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை கிடையாது. ஆபீசில் யாரை வேண்டுமானாலும் கேட்கலாம். ராகுகாலத்தில் பதவியேற்றவன் நான் (பதவி உயரவேயில்லை, அது வேறு). ஆனால் பின்னால் வருகிறவன் அவன். "இப்போது வேண்டாம்" என்று அடித்தேன். ஏன் என்றான். "சும்மா." உடம்பெல்லாம் இரும்புக் கவசம், கையில் ஆளுயர வாள், கண்ணில் நீல நெருப்பு. இத்தனையும் வைத்துக்கொண்டு ஒரு பிணம் ஒன்பது மணி அடிக்கட்டும் என்று வாசலில் நின்றது. ஆபீசுக்கு லேட்.

19-9-98, சனி

சனிக்கிழமை ராகுகாலம் ஒன்பதிலிருந்து பத்தரை. மறுபடி வாசலில் நிறுத்திவிட்டேன். "நான் பார்த்ததிலேயே விசித்திரமான பிணம் நீதான்" என்றான் ரசம். பாராட்டாக எடுத்துக்கொண்டேன்.

22-9-98

சண்டை ஏதுமில்லை. ஆற்றங்கரையில் உட்கார்ந்திருந்தோம், அதாவது "உட்கார்" என்று அடித்திருந்தோம். திடீரென்று கேட்டான், உனக்கு அப்பா இருக்கிறாரா என்று. இல்லை என்றேன். அது உண்மைதான். அவன் ஆங்கிலத்தில் அடித்ததை இங்கே தமிழில் எழுதுகிறேன்:

"எனக்கு இருக்கிறார். நான் அழுததை எழுதிப் பத்திரிகைக்குக் கொடுத்தார். நன்றாக எழுதியிருந்தார். படிக்கும்போது நானே முதலில் சிரித்துவிட்டேன். அதுதான் தாங்கவில்லை."

காப்பி ஆறிப்போயிற்று. அபயம் வந்து, "கண்ணு ஏன் செவந்திருக்கு?" என்றாள். திரை வெளிச்சம் என்றேன்.

25-9-98, வெள்ளி

எழுதிவிட்டேன். ஒன்பது பக்கம். மகனைத் தேடிப் பிணமாகப் போன அப்பனின் கதை. ஓநாய், கோட்டை வாசல், ராகுகாலம், ஆற்றங்கரை, எல்லாம். பெயர்களை மாற்றியிருக்கிறேன். யாருக்குத் தெரியப்போகிறது? இதைவிட நன்றாக நான் எழுதியதில்லை. சாயங்காலமே ராயப்பேட்டைக்குப் போய் கலீமுல்லா கையில் கொடுத்துவிட்டேன்.

ஏன் கொடுத்தேன்? ஏன் குடித்தாய் என்று குடிகாரனைக் கேட்டால் அவனுக்கும் தெரியாது.

28-9-98, திங்கள்

தெரிந்துவிட்டது.

கோட்டை வாசல், ஏழரை. "இப்போது வேண்டாம்" என்று அடித்தேன். ரசம் சொன்னான்: "ஞாயிறு ராத்திரி பத்து மணி. வெள்ளி ராத்திரி பதினொன்றரை. எப்போதும் இதே நேரம்தான். ஏன்?" நான் அசடு மாதிரி, "நேரம் நன்றாக இல்லை" என்று அடித்துவிட்டேன், அவன் பரீட்சைக்குக் கிளம்பும்போதெல்லாம் வாசலில் நிறுத்தி நான் சொல்கிற அதே வார்த்தை.

மனசுக்குள் ஒன்பதரை மணி நேரம் கூட்டிப் பார்த்திருப்பான். கூட்டினால் எந்த ஊர், என்ன கிழமை, சுவரில் எந்தக் காலண்டர் எல்லாம் வந்துவிடுமே! அப்புறம் ஆங்கில எழுத்தில் தமிழ் வந்தது.

"அப்பா. இதையும் எழுதப்போறேளா?"

இல்லை என்று அடித்தேன். அனுப்பவில்லை. பொய்யாயிற்றே, ஒன்பது பக்கம் ராயப்பேட்டையில் இருக்கிறதே. அழித்தேன். அதற்குள் "ரசம் போய்விட்டான்" என்று வந்தது.

29-9-98

ஆபீசுக்கு மட்டம். ராயப்பேட்டை.

கலீமுல்லா தலையில் கை வைத்துக்கொண்டார். "இன்னா சார் இது, கம்போஸ் ஆயிடுச்சு. படமும் போட்டாச்சு, பாருங்க." எலும்புக்கூடு ஒன்று குடுமியோடு காப்பி குடித்துக்கொண்டிருந்தது. நல்ல படம்.

"கிழிச்சுடுங்கோ."

"சார், இருபது வருஷத்துல நீங்க எழுதுனதுலயே இதுதான் பெஸ்ட்டு."

"தெரியும். கிழிச்சுடுங்கோ."

மனுஷர் என் முகத்தைப் பார்த்தார், ஒன்பது பக்கத்தையும் எடுத்து நீட்டினார். கிழித்தேன். அங்கேயே உட்கார்ந்து என் பல்செட்டைப் பற்றி நாலு பக்கம் எழுதிக் கொடுத்தேன். "சுமாரா இருக்கு சார்" என்றார். சுமார்தான்.

வீட்டுக்கு வந்து ஆட்டத்துக்குள் போய் ரசத்துக்கு ஒரு கடிதம் போட்டேன். "எழுதினேன். கொடுத்தும் விட்டேன். இன்று திரும்ப வாங்கிக் கிழித்தாயிற்று. நீ நம்ப வேண்டியதில்லை."

30-9-98

வரவில்லை.

1-10-98

வரவில்லை. ஆற்றங்கரையில் இருந்தேன். ஒரு தவளை வந்தது. பேசவில்லை.

2-10-98

காந்தி ஜெயந்தி. ஆபீஸ் லீவு. முழுநாளும் திரை முன்னால். கடிதத்தைப் படித்தானா இல்லையா? உடம்புக்கு ஏதாவதா? அபயத்துக்குச் செப்டம்பர் அட்டையும் இன்னும் வரவில்லை. தபால்காரர் வந்தாரா என்று அவள் இரண்டு தரம் கேட்டுவிட்டாள், லீவு நாளில்.

நான் அங்கே போகாமலே இருந்திருந்தால் அட்டையாவது வந்திருக்கும்.

3-10-98, சனி

எட்டரைக்கு ரசம் வந்தான். என்னைத் தாண்டிப் போனான். நேரே கோட்டைக்குள், தனியாக! நில்லு நில்லு என்று அடித்துக்கொண்டே இருந்தேன். எட்டு ஐம்பதுக்கு எல்லோருக்கும் அறிவிப்பு வந்தது: ரசம் விழுந்தான்.

வைத்தியனுக்குச் சாவு பெரிதில்லை. ஊருக்குள் கோயிலில் வெறுங்கையோடு எழுந்துவிடுவான். ஆனால் அவன் மூட்டை, இரண்டு வருஷம் தேடிச் சேர்த்த மூலிகையும் கோலும், கோட்டைக்குள் சடலத்தோடு கிடக்கும். ஒரு மணி நேரத்தில் எல்லாம் மறைந்துவிடும். ஒன்பது ஐம்பதுக்கு.

ராகுகாலம் முடிவது பத்தரைக்கு.

ஒன்பது ஐந்துக்கு உள்ளே காலெடுத்து வைத்தேன்.

எப்படி எடுத்தேன் என்று கேட்டால் தெரியாது. கண்ட பொத்தானையெல்லாம் அடித்தேன். நடுவில் ஒரு தரம் செத்து எழுந்தேன். ஆக இரண்டு போயிற்று. மூட்டை கையில் வந்தது. அவன் ஊருக்குள் இருக்கிறான், நான் ஊருக்குள் போகக்கூடாதவன். கொண்டுபோய்க் கொடுக்க வேறு யார் இருக்கிறார்கள்? ஊர் வாசலுக்கே போனேன். முதல் அம்பு. இரண்டாவது. "மூட்டையைக் கீழே வை" என்று அடித்தேன், அது மட்டும் ஒரு பிழை இல்லாமல் விழுந்தது. மூன்றாவது அம்பு.

"டார்கன் மண்ணானான்." திரை கறுத்துவிட்டது. மறுபடி அந்தப் பெயரை அடித்தால், அப்படி யாரும் இல்லை என்கிறது.

மூட்டையை அவன் பார்த்தானா, வேறு யாராவது தூக்கிக்கொண்டு போனார்களா? தெரிந்துகொள்ள வழியில்லை. மோடத்தைக் கழற்றி வைத்தேன். "கட்டுரை முடிஞ்சுதா?" என்றாள் அபயம்.

4-10-98, ஞாயிறு

ஏழு மணி. போன் அடித்தது, நீளமாக, வெளிநாட்டு மணி. எடுத்தேன். வணக்கமும் இல்லை, சௌக்கியமும் இல்லை.

"ஏம்ப்பா, அறிவிருக்கா? ரெண்டு உயிர் போனப்புறம் யாராவது ஊர் வாசலுக்கு வருவாளா? அம்பு விடுவான்னு தெரியாது? மூட்டையை ஆத்தங்கரையில போட்டுட்டு ஒரு வரி எழுதினா நான் வந்து எடுத்துக்க மாட்டேனா? அதுவும் சனிக்கிழமை ஒம்போது மணிக்கு! உங்களை யாரு அந்த நேரத்துல உள்ள போகச் சொன்னா?"

மூச்சு விடாமல் திட்டினான். நான் "ஆமாம்", "தப்புதான்", "ஆமாம்" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். இடையில் இருமிக்கொண்டு மறுபடி ஆரம்பித்தான்.

அபயம் கரண்டியோடு வந்து நின்றாள். "யாரு?"

"பிரணவ்."

"என்ன சொல்றான்?"

"திட்டறான்."

கரண்டியைக் கம்ப்யூட்டர் மேல் வைத்துவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, நீட்டினாள்.

"எனக்கும் கொஞ்சம் குடுங்கோ."