விசில் ஓய்ந்த மதியம்

அனுப்புநர்
கு. ரூபினி,
மரக் கணக்கெடுப்பாளர் (ஒப்பந்தம்),
மர்பி டவுன், பெங்களூரு.

பெறுநர்
பூங்கா மேற்பார்வை அலுவலர் அவர்கள்,
பெங்களூரு.

பொருள்: காவலாளி திரு. பச்சைமுத்துவுக்கு அளித்த மெமோவைத் திரும்பப் பெறவும், பூங்காவில் மதியம் தடையின்றி உறங்க அனுமதிக்கவும் வேண்டுதல்.

மதிப்பிற்குரிய ஐயா,

1. நாள்தோறும் பதினான்கு கிலோமீட்டர் நடந்து தெருமரங்களை எண்ணுகிறேன். மதியம் பூங்காவுக்கு வரும் நாங்கள் ஒன்பது பேர். அவர்களில் விக்கி சைக்கிளில் உணவு கொண்டுபோய்க் கொடுப்பவர். மற்ற ஏழு பேர் தெருக் கூட்டுபவர்கள், கேபிளுக்குப் பள்ளம் தோண்டுபவர்கள். வெயில்தான் எங்கள் அலுவலகம். மதியம் ஒன்று முதல் இரண்டரை வரை தங்கள் பூங்காவின் தூங்குமூஞ்சி மரத்தடியில் படுக்கிறோம்.

2. படுக்கக் கூடாது என்று பலகை இருக்கிறது. ஆகவே பச்சைமுத்து பத்து நிமிடத்துக்கு ஒருமுறை விசில் அடிப்பார். எழுவோம். அவர் நகர்ந்ததும் படுப்போம். இரு தரப்புக்கும் வருத்தமில்லை. உறக்கமும் இல்லை.

3. விளைவு: மார்ச் 4 அன்று, கொடி படர்ந்த மின்கம்பத்தை மரம் எண் 212 என்று பதிவு செய்தேன். சுற்றளவும் எழுதியிருக்கிறேன். விக்கி ஒரு பிரியாணியை, அதை வாங்கிய கடையிலேயே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார்.

4. மார்ச் 12 அன்று விசில் கேட்கவில்லை. பச்சைமுத்து விடியற்காலை நாலரைக்கு நடைப்பயிற்சிக்காரர்களுக்குக் கதவு திறப்பவர். எங்கள் பக்கத்தில் உட்கார்ந்தார். சாய்ந்தார். வாயில் இருந்த விசில் மூச்சுக்கு ஒருமுறை மெல்ல ஒலித்ததாம். வாசலில் வெள்ளரிக்காய் விற்கும் வனஜா சொன்னார். ஒருவரும் அசையவில்லை. எனக்குக் கனவுகூட வந்தது. அதில் எதையும் எண்ணவில்லை.

5. அன்று மாலை 61 மரங்கள். பிழை இல்லை. 212ஐ நீக்கினேன். விக்கி எல்லா உணவையும் பசித்தவர்களிடமே சேர்த்தார்.

6. அதே மதியம் தாங்கள் ஆய்வுக்கு வந்திருக்கிறீர்கள். பணியில் உறங்கியதாகப் பச்சைமுத்துவுக்கு மெமோ. மூன்று நாளில் தக்க விளக்கம் தராவிட்டால் வேலை இல்லை. அவருக்கு எழுதத் தெரியும். என்ன எழுதுவது என்றுதான் தெரியவில்லை. களைத்தவர் நிழலில் உட்கார்ந்தால் உறங்குவார். இதைவிடப் பெரிய விளக்கம் எங்களிடமும் இல்லை. யாருக்கும் நேரக்கூடியது.

7. மெமோவில் ஆய்வு நேரம் 2.25. ஜீப் வந்தது 1.20 என்கிறார் வனஜா. இடைப்பட்ட நேரம் குறித்து இம்மனு எதுவும் கேட்கவில்லை. புறப்படும்போது தங்கள் முகம் தெளிந்திருந்தது, வெள்ளரிக்காய் வாங்கிச் சிரித்தீர்கள் என்று அறிந்தோம். மகிழ்ச்சி.

ஆகவே மெமோவைத் திரும்பப் பெற்று, ஒன்று முதல் இரண்டரை வரை விசிலுக்கு விடுமுறை அளிக்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். மரத்தடியில் இன்னும் இடம் இருக்கிறது.

நாள்: 14.03.2025
இடம்: பெங்களூரு

உறங்கி எழுந்த ஒன்பது பேர் சார்பாக,
கு. ரூபினி

இணைப்பு:
அ) கன்னடப் படி. (கையெழுத்திடும் முன் படித்துப் பார்க்க வேண்டும் என்று மற்றவர்கள் சொன்னதால் மனு தமிழில்.)
ஆ) ஒன்பது கையெழுத்துகள்.
இ) மூக்குக் கண்ணாடி ஒன்று. மார்ச் 12 அன்று மரத்தடிப் பெஞ்சில் கிடைத்தது. துடைத்து வைத்திருக்கிறோம்.